கரைவலை வாடியில் படம் எடுக்கிறேன், எல்லாரும் கமராவையே பார்க்கிறார்கள்

உப்புவெளியான்:
திருகோணமலையில் உப்புவெளிப் பக்கம் ஒரு கரைவலை வாடியை, அதாவது கடலில் வளைத்த வலையைக் கரையில் நின்று இழுக்கும் மீனவர்களின் தங்கிடத்தை, பதினொரு நாளாக எடுத்துக்கொண்டிருக்கிறேன். தனி ஆள், ஒரு கமரா, ஒரு மைக். பேட்டி, பின்னணிக் குரல் எதுவும் இல்லாமல் அங்கே நடப்பதை நடந்தபடியே காட்ட ஆசை. ஆனால் நான் கமராவைத் தூக்கினதும் கயிறு இழுப்பவர்கள் அம்பா என்கிற இழுவைப் பாட்டை நிறுத்துகிறார்கள், அவர்களை நடத்தும் தண்டையல் ஐயா சாரத்தைச் சரிசெய்து நிமிர்ந்து நிற்கிறார், பெடியன்கள் கை காட்டுகிறார்கள். நாலு பேரைப் பேட்டி எடுத்து முடித்துவிடு என்கிறான் கூட்டாளி. எனக்கு மனம் வரவில்லை. என்ன செய்யலாம்?

துறையடி:
ஒரு கிழமை கமரா இல்லாமல் போங்கள் தம்பி. வலை வளைக்கும் நேரம் போய்க் கயிற்றில் கை வையுங்கள். வலையின் மடி, அதாவது மீன் சேரும் பை, கரைக்கு வரும்வரை யார் எங்கே நிற்பார், எங்கே நின்றால் நீங்கள் இடைஞ்சல் என்பதெல்லாம் இழுத்துப் பார்த்தால்தான் தெரியும். 2009இல் கிண்ணியாப் பாலம் திறப்பதற்கு முன்பு நான் அங்கே பாதையில், அதாவது ஆட்களை அக்கரைக்குக் கொண்டுபோகும் மிதவையில், ஆட்கள் ஏறி இறங்குவதை எடுத்தேன். முதல் கிழமை எடுத்தது ஒன்றும் உதவவில்லை. ஒருநாள் ஏறும்போது ஒரு அம்மா, "தம்பி, இவனைப் பிடி" என்று பிள்ளையை என் கையில் தந்தார், அதற்குப் பிறகு யாரும் கமராவைக் கவனிக்கவில்லை. கமராவோடு வருகிறவன் எதற்கு வருகிறான் என்று போர்க்காலம் முழுக்கப் பயந்து பழகிய ஊர் இது. அவர்கள் பார்ப்பது வெறும் கூச்சத்தால் மட்டும் இல்லை.

மைக்காரன்:
சத்தத்தைக் கவனியுங்கள். பேட்டியும் பின்னணிக் குரலும் இல்லாமல் ஐம்பது ஆண்டுக்கு மேல் படம் எடுத்த ஃபிரெட்ரிக் வைஸ்மன், கமராவை ஒளிப்பதிவாளரிடம் கொடுத்துவிட்டு மைக்கைத் தானே பிடித்தவர். கச்சான் காற்றுக்கு வெறும் பஞ்சு உறை தாங்காது, மைக்குக்கு மயிர் உறை போடுங்கள். அப்புறம், அம்பா தொடங்கினால் ஐந்து நிமிடமாவது நிறுத்தாமல் ஓடவிடுங்கள். முதலில் உங்களுக்காகப் பாடுவார்கள், வலை கனக்கத் தொடங்கினதும் கயிற்றுக்காகப் பாடுவார்கள்.

சம்மாட்டி மகள்:
எங்கள் வீட்டிலும் வாடி இருந்தது. மீன் விற்ற காசைப் பங்கு பிரிக்கும்போதுதான் முன்பணம், பழைய கடன் எல்லாம் வெளியே வரும், வாய்ச்சண்டையும் வரும். உங்களுக்கு அது நல்ல காட்சி, அவர்களுக்கு அது மானம். எடுக்கும்போது ஒருதரம் கேளுங்கள், தொகுத்த பிறகு வாடியிலேயே வேட்டியைத் திரையாகக் கட்டிப் படத்தைப் போட்டுக் காட்டி இன்னொருதரம் கேளுங்கள், வேண்டாம் என்றால் அந்தக் காட்சியை நீக்கிவிடுங்கள். கை காட்டும் பெடியனை மட்டும் வெட்ட வேண்டாம். நீங்கள் அங்கே நின்றீர்கள், அவன் உங்களைக் கண்டான், அதுவும் அங்கே நடந்ததுதானே.

உப்புவெளியான்:
அக்கா சொன்னது போலக் காட்டுவேன், கட்டாயம். கமரா இல்லாமல் வரலாமா என்று இன்றைக்கு தண்டையல் ஐயாவிடம் கேட்டேன். "அப்ப விடிய நாலரைக்கு வா, வடக்குக் கயிற்றில ஆள் காணாது" என்றார்.