ஓய்வூதிய மனுக்களை நம்பி வரலாறு எழுதலாமா?

கயல்விழி:
அமெரிக்கப் புரட்சிப் போர்க் காலத்தில் (1775–1783) சாதாரண மக்கள் எப்படி வாழ்ந்தார்கள் என்று ஆய்வு செய்கிறேன். பழைய சிப்பாய்களும் அவர்களுடைய விதவைகளும் பின்னாளில் கொடுத்த ஓய்வூதிய மனுக்கள்தான் எனக்கு முக்கிய ஆதாரம். தளபதிகளின் கடிதங்களைவிட இவற்றையே பெரிதாக நினைக்கிறேன். மாற்றுக் கருத்து இருந்தால் சொல்லுங்கள்.

ராஜசேகர்:
இருக்கிறது. 1832 ஓய்வூதியச் சட்டப்படி மனு கொடுத்தவர்கள் ஐம்பது வருடம் கழித்துப் பேசுகிறார்கள், அதுவும் பணத்துக்காக. பலருக்கு எழுதிக் கொடுத்ததே வேறு ஆள். எந்த வருடம், யார் தலைமையில் என்பதிலேயே குழப்பம். 1777-ல் அமெரிக்கப் படைத்தலைவர் வாஷிங்டன் தன் படைக்கு அம்மை குத்தச் சொன்னது அன்றைய கடிதங்களிலேயே இருக்கிறது. அப்படிப்பட்ட ஆதாரத்தை இதற்குக் கீழே வைப்பீர்களா?

கயல்விழி:
தேதியில் தடுமாறுவார்கள், சரி. நான் தேதிக்காகப் படிக்கவில்லையே சார். சாரா ஆஸ்போர்ன் 1837-ல் கொடுத்த வாக்குமூலத்தைப் பாருங்கள். கணவரோடு படை போன இடமெல்லாம் போனவர். 1781-ல் பிரிட்டிஷ் படையை மடக்கிய யார்க்டவுன் முற்றுகையில் துணி துவைத்தார், சமைத்தார், பதுங்குகுழிகளில் இருந்தவர்களுக்கு மாட்டிறைச்சி, ரொட்டி, காபி கொண்டுபோய்க் கொடுத்தார். பீரங்கிக் குண்டுக்குப் பயமில்லையா என்று வாஷிங்டனே அவரைக் கேட்டாராம். ஓய்வூதியம் கணவரின் சேவைக்குத்தான். தான் சமைத்ததைச் சொல்லி அவருக்கு ஒரு டாலரும் கூடப்போவதில்லை. அப்புறம் எதற்குப் பொய் சொல்ல வேண்டும்?

ராஜசேகர்:
பொய் என்று சொல்லவில்லை. ஐம்பத்தாறு வருடம் சொல்லிச் சொல்லி மெருகேறிய கதையாக இருக்கலாம், குறிப்பாக அந்த வாஷிங்டன் பேச்சு.

நசீமா:
மனுவே போட வழியில்லாதவர்களை இருவரும் மறந்துவிட்டீர்கள். 1783-ல் பிரிட்டிஷார் நியூயார்க்கை விட்டுப் போகும்போது, கப்பலேறிய ஏறக்குறைய 3,000 கறுப்பின மக்களைப் பதிவேட்டில் எழுதினார்கள். பெயர், வயது, யாருடைய அடிமையாக இருந்தவர், எப்போது விட்டுவந்தார் என்று வரிவரியாக இருக்கும். வாஷிங்டனின் பண்ணையிலிருந்து தப்பிய ஹாரி வாஷிங்டனும் அதில் இருக்கிறார். அவருக்கு விடுதலை எந்தப் பக்கம் இருந்தது? மனுக்களை மட்டும் வைத்து எழுதினால் இந்தக் கேள்வியே வராது.

கயல்விழி:
இதை ஏற்கிறேன். அந்தப் பதிவேடு இல்லாமல் என் ஆய்வு பாதிதான்.

ராஜசேகர்:
அது அன்றைக்கே எழுதியது, அதனால் நம்புகிறேன். ஆனால் அமெரிக்கருக்கு உதவ வந்த பிரெஞ்சுக் கடற்படை, யார்க்டவுனுக்குக் கடல்வழியான செசபீக் விரிகுடாவை அடைக்காமல் இருந்திருந்தால் யார்க்டவுன் வெற்றியே சந்தேகம். காபி கொடுத்தவரின் வாக்குமூலத்தில் அது எங்கே தெரியும்?

கயல்விழி:
போரை யார் வென்றார்கள் என்பது என் கேள்வி இல்லை. அன்றைக்கே எழுதியதுதான் வேண்டுமென்றால், அதுவும் இதே மனுக்களில் உண்டு. 1820-க்குப் பிறகு ஏழ்மையைக் காட்டச் சொத்துப் பட்டியல் கேட்டார்கள்: பசு, பானை, நாற்காலி என்று சத்தியம் செய்து எழுதிக் கொடுத்தார்கள். திருமணத்தை நிரூபிக்கக் குடும்ப பைபிளில் பிள்ளைகளின் பிறப்பு எழுதிய தாளையே கிழித்து அனுப்பிய விதவைகளும் உண்டு.

ராஜசேகர்:
அப்படியானால் பட்டியல்களை முன்னால் வையுங்கள், வாக்குமூலங்களைப் பின்னால் வையுங்கள். ஒத்துக்கொள்கிறேன்.

கயல்விழி:
மாட்டேன். பட்டியலில் பானை இருக்கும், முற்றுகைக்கு நடுவே யார் சமைத்தார்கள் என்பது இருக்காது. அதை ஆஸ்போர்ன்தான் சொல்கிறார். வாக்குமூலம்தான் முதலில் வரும்.