டெக்சாஸ் லாட்டரி ஆட்டங்களை ஒப்பிட்டால் இரண்டு கணக்கும் இரண்டு வரிசை தருகின்றன. எதை நம்புவது?

டாலஸ்வாசி (கேள்வி)

வணக்கம் நண்பர்களே. எங்கள் அலுவலகத்தில் தமிழர்கள் சிலர் பணம் போட்டுச் சேர்ந்து லாட்டரி டிக்கெட் வாங்குகிறோம். எந்த ஆட்டத்தில் போடுவது என்று ஒவ்வொரு முறையும் வாக்குவாதம். ஒருவர் பவர்பால் என்பார், இன்னொருவர் லோட்டோ டெக்சாஸ் என்பார். அட்டவணை ஒன்று போட்டு முடிவு கட்டும்படி என்னிடம் விட்டுவிட்டார்கள்.

முதல் கணக்கில், ஏதாவது ஒரு பரிசு விழும் வாய்ப்பு என்று அறிவித்திருப்பதை அப்படியே எடுத்துக்கொண்டேன். ஆல் ஆர் நத்திங் 4.5-க்கு 1, கேஷ் ஃபைவ் 7.2-க்கு 1, பவர்பால் 24.9-க்கு 1, லோட்டோ டெக்சாஸ் 71-க்கு 1. இதன்படி லோட்டோ டெக்சாஸ்தான் கடைசி.

இரண்டாம் கணக்கில், ஜாக்பாட் தொகையை அந்த ஆட்டத்தின் மொத்த எண் சேர்வுகளால் வகுத்தேன். லோட்டோ டெக்சாஸ் ஜாக்பாட் 4 கோடி டாலர் என்று வைத்துக்கொண்டால், 54 எண்களில் 6 எண்களைத் தேர்ந்தெடுக்கும் வழிகள், அதாவது சேர்வுகள், 2,58,27,165. வகுத்தால் ஒரு டாலர் டிக்கெட்டுக்கு ஒன்றரை டாலருக்கு மேல் வருகிறது! கடைசியில் இருந்த ஆட்டம் முதலிடத்துக்கு வந்துவிடுகிறது. ஒரு டாலர் கொடுத்து ஒன்றரை டாலர் மதிப்பை வாங்க முடியும் என்றால் எல்லோரும் அதைத்தானே செய்வார்கள்? எதையோ கணக்கில் சேர்க்காமல் விட்டிருக்கிறேன். எதை?

எண்கணிதன்

உங்கள் முதல் கணக்கிலிருந்து தொடங்குகிறேன். அந்த எண்கள் பொய்யல்ல. ஆனால் எதையெல்லாம் பரிசு என்று எண்ணியிருக்கிறார்கள் என்பதைப் பாருங்கள்.

ஆல் ஆர் நத்திங்கில் 24 எண்களில் 12 எடுக்கிறீர்கள். டிக்கெட் 2 டாலர். பன்னிரண்டும் பொருந்தினாலும், ஒன்றுகூடப் பொருந்தாவிட்டாலும் 2,50,000 டாலர். 11 அல்லது 1 பொருந்தினால் 500, 10 அல்லது 2 என்றால் 50, 9 அல்லது 3 என்றால் 10, 8 அல்லது 4 என்றால் 2 டாலர். கடைசிப் பரிசு நீங்கள் கொடுத்த அதே 2 டாலர்தான். மொத்தச் சேர்வுகள் 27,04,156. அவற்றில் 4,90,050 சேர்வுகள் இந்தக் கடைசிப் பரிசுக்குரியவை. கொடுத்த காசு திரும்பி வருவதை வெற்றி என்று எண்ணாமல் நீக்கிவிட்டால், 4.5-க்கு 1 என்பது 25.6-க்கு 1 ஆகிவிடுகிறது.

கேஷ் ஃபைவில் மாற்றம் இன்னும் பெரிது. 35 எண்களில் 5, மொத்தச் சேர்வுகள் 3,24,632. இரண்டு எண் பொருந்தினால் பணம் கிடையாது, இலவச டிக்கெட் மட்டும். அதை நீக்கிப் பாருங்கள்: 7.2-க்கு 1 என்பது 72-க்கு 1.

பவர்பாலில் டிக்கெட் 2 டாலர், மிகச் சிறிய பரிசு 4 டாலர். அங்கே நீக்க ஒன்றுமில்லை, 24.9 அப்படியே நிற்கும். ஆக, லாபம் கையில் வரும் வாய்ப்பில் ஆல் ஆர் நத்திங்கும் பவர்பாலும் ஏறக்குறைய ஒரே அளவு. உங்கள் முதல் வரிசை இங்கேயே குலைந்துவிட்டது.

அட்டவணையில் ஏதாவது ஒரு பரிசு விழும் வாய்ப்பை எழுதிய நெடுவரிசையை நீக்கிவிட்டு, ஒரு டாலருக்குச் சராசரியாக எத்தனை சென்ட் திரும்புகிறது என்று எழுதுங்கள். பள்ளியில் படித்த கணித எதிர்பார்ப்புதான்: ஒவ்வொரு பரிசையும் அதன் வாய்ப்பால் பெருக்கிக் கூட்ட வேண்டும். ஆல் ஆர் நத்திங் 56 சென்ட் தரும். பிக் த்ரீயில் மூன்று இலக்கமும் அதே வரிசையில் வந்தால் டாலருக்கு 500 டாலர், வாய்ப்பு 1000-க்கு 1, ஆக 50 சென்ட். டெய்லி ஃபோரில் நான்கு இலக்கம் என்பதால் 10,000-க்கு 1, பரிசு 5,000, அதே 50 சென்ட். கேஷ் ஃபைவில் முதல் பரிசு 25,000, நான்கு எண்ணுக்கு 350, மூன்று எண்ணுக்கு 15. இலவச டிக்கெட்டுக்கும் ஒரு மதிப்பு கொடுத்தால் இதுவும் 50 சென்ட் அருகில் வரும்.

டாலஸ்வாசி

மிக்க நன்றி. பணம் திரும்பி வருவதையும் வெற்றி என்று எண்ணும் வழக்கம் எனக்குத் தெரியாது. லோட்டோ டெக்சாஸின் ஒன்றரை டாலர் புதிர் இன்னும் தீரவில்லை. எங்கள் குழுவில் ஒருவர் அதைப் பிடித்துக்கொண்டு, கூடுதல் பணம் போடலாம் என்கிறார்.

கொன்றைப்பூ

அவரைக் கொஞ்சம் பொறுக்கச் சொல்லுங்கள். விளம்பரப் பலகையில் எழுதியிருக்கும் ஜாக்பாட் தொகை இன்று கையில் இருக்கும் பணம் அல்ல. 30 தவணைகளாக, ஆண்டுக்கு ஒன்றாகத் தரப்போகும் தொகைகளின் கூட்டல் அது. ஒரே தடவையில் கேட்டால் கிடைப்பது ரொக்க மதிப்பு. அது எப்போதும் மிகக் குறைவு. உங்கள் கணக்கில் அந்த ரொக்க மதிப்பைத்தான் போட வேண்டும்.

உண்மையில் நடந்த ஒன்றை எடுத்துக்கொள்வோம். 2023 ஏப்ரல் 22 அன்று லோட்டோ டெக்சாஸ் ஜாக்பாட் 9.5 கோடி டாலர். உங்கள் முறைப்படி டிக்கெட்டுக்கு 3.68 டாலர். ரொக்க மதிப்பு 5.78 கோடிதான். அப்போது 2.24 டாலர். கூட்டாட்சி வருமான வரியின் உச்ச விகிதம் 37 சதவீதம். அதையும் கழித்தால் 1.41 டாலர். டெக்சாஸ் மாநிலத்தில் வருமான வரி இல்லாததால் அதற்குமேல் கழிவு இல்லை.

வரிக்குப் பிறகும் ஒரு டாலரைத் தாண்டி நிற்கிறது பாருங்கள். இதை ஒரு குழு கண்டுகொண்டது. ஏறக்குறைய எல்லாச் சேர்வுகளையும், அதாவது இரண்டரைக் கோடிக்கும் மேற்பட்ட டிக்கெட்டுகளை வாங்கி அந்த ஜாக்பாட்டை எடுத்துச் சென்றது. சாதாரணமாக ஒரு டிக்கெட் வாங்கும் மக்களுக்கு இது பெரிய அநியாயமாகப்பட்டது. எனக்கும் அப்படித்தான் படுகிறது. அரசே அச்சு இயந்திரங்களைக் கொடுத்து இதற்கு வழிவிட்டதா என்ற கேள்வி சட்டமன்றம் வரை போனது. 2025-ல் புதிய சட்டம் வந்தது. லாட்டரி ஆணையத்தையே கலைத்து, பொறுப்பை வேறு துறைக்கு மாற்றினார்கள். இணையம் வழியாக டிக்கெட் விற்பதைத் தடை செய்தார்கள். ஒரே நேரத்தில் ஒருவர் வாங்கக்கூடிய டிக்கெட்டுகளுக்கும் உச்ச வரம்பு வைத்தார்கள்.

உங்கள் 4 கோடி எடுத்துக்காட்டில் இதே விகிதத்தில் ரொக்கமாக்கி வரியைக் கழித்தால் ஏறத்தாழ 60 சென்ட்தான் மிஞ்சும். மூன்று எண் பொருந்தினால் உறுதியாகக் கிடைக்கும் 3 டாலர் பரிசு இன்னொரு 4 சென்ட் சேர்க்கும். நான்கு, ஐந்து எண் பரிசுகள் ஒவ்வொரு குலுக்கலிலும் மாறும். அவை சேர்க்கும் தொகையும் சில சென்ட்டுகள்தான்.

ஜெர்சித்தமிழன்

கொன்றைப்பூ சொன்னதோடு இன்னொன்று: பங்கு பிரிவது. ஜாக்பாட் பெருக்கப் பெருக்க டிக்கெட் வாங்குவோரும் பெருகுவார்கள். அதே எண்கள் வேறு ஒருவரிடமும் இருந்தால் தொகை இரண்டாகப் பிரியும். 2016 ஜனவரியில் பவர்பால் 158.6 கோடி டாலருக்கு ஏறியது. கலிஃபோர்னியா, ஃபுளோரிடா, டென்னசி என்று மூன்று மாநிலங்களில் மூன்று டிக்கெட்டுகளுக்கு விழுந்து, மூன்றாகப் பிரிந்தது. விளம்பரத் தொகையை வைத்துக் கணக்குப் போட்டவர்களுக்கு அன்று கிடைத்த பதில் அது.

கணக்கில் சேர்க்கும் வழி இதோ. மற்றவர்கள் வாங்கிய டிக்கெட்டுகளின் எண்ணிக்கையை மொத்தச் சேர்வுகளால் வகுங்கள். விடை 1 என்றால் உங்கள் சராசரிப் பங்கு 63 சதவீதம். 2 என்றால் 43 சதவீதம்.

பவர்பாலை இப்படி வைத்துக்கொள்ளுங்கள். ஜாக்பாட் தவிர்த்த எல்லாப் பரிசுகளையும் கூட்டினால் 2 டாலர் டிக்கெட்டுக்கு 32 சென்ட் வருகிறது. ஜாக்பாட் வாய்ப்பு 29,22,01,338-க்கு 1. எனவே ரொக்க மதிப்பின் ஒவ்வொரு 10 கோடி டாலரும் டிக்கெட்டுக்கு 34 சென்ட் சேர்க்கும். வரியும் பங்கும் இல்லாத கற்பனை உலகில்கூட, போட்ட 2 டாலர் ஈடாக ரொக்க மதிப்பு 49 கோடியைத் தாண்ட வேண்டும்.

பவர்பால்போலவே பல மாநிலங்களில் விற்கும் மெகா மில்லியன்ஸ் 2025 ஏப்ரல் முதல் டிக்கெட்டுக்கு 5 டாலர் ஆகிவிட்டது. வாய்ப்பு 29,04,72,336-க்கு 1. முன்பைவிடச் சற்று மேல், ஆனால் விலை இரண்டரை மடங்கு. 10 டாலருக்குப் பவர்பாலில் ஐந்து டிக்கெட், இங்கே இரண்டுதான். ஜாக்பாட்டைத் தவிர மற்றப் பரிசுகள் 2 முதல் 10 மடங்கு வரை பெருகும், மிகச் சிறிய பரிசே 10 டாலர் என்பது அதற்குப் பதிலாகக் கிடைப்பது.

இன்னும் ஒரு குறிப்பு. கலிஃபோர்னியாவில் இருக்கும் உறவினரின் அட்டவணையை அப்படியே எடுத்துக்கொள்ளாதீர்கள். அங்கே சட்டப்படி, சேர்ந்த தொகையை வென்றவர்களுக்குள் பிரித்துத் தருகிறார்கள். பவர்பாலின் சிறு பரிசுகள்கூட ஒவ்வொரு குலுக்கலிலும் மாறும். எங்கள் நியூ ஜெர்சி பிக் த்ரீயும் அப்படித்தான். பலருக்குப் பிடித்த எண் விழுந்தால் ஒவ்வொருவருக்கும் கிடைப்பது குறையும்.

அடையாறுக்காரன்

சென்னையிலிருந்து படித்துக்கொண்டிருக்கிறேன். இங்கே 2003 முதல் லாட்டரிக்கே தடை. அமெரிக்க டிக்கெட்டை இங்கிருந்து வாங்கித் தருவதாகச் சில இணையதளங்கள் விளம்பரம் செய்கின்றன. வாங்கலாமா? கேரள பம்பர்போல் யாருக்காவது கட்டாயம் விழும் அல்லவா?

எண்கணிதன்

வேண்டாம் நண்பரே. லாட்டரி டிக்கெட் வாங்க வெளிநாட்டுக்குப் பணம் அனுப்புவதை இந்திய அந்நியச் செலாவணி விதிகள் தெளிவாகவே தடை செய்கின்றன. பரிசு விழுந்தாலும் வாங்க முடியாத நிலைக்குப் போய்விடுவீர்கள்.

கேரள முறை அடிப்படையிலேயே வேறு. அங்கே அச்சிட்ட டிக்கெட்டுகளுக்குள் குலுக்கல். 90 லட்சம் டிக்கெட் அச்சிட்டால் முதல் பரிசின் வாய்ப்பு 90 லட்சத்துக்கு 1, அவ்வளவே. அடுத்த குலுக்கலுக்குத் தொகை சேர்ந்துகொண்டே போவதில்லை. ஒரே டிக்கெட் இன்னொருவரிடம் இருக்காது என்பதால் அந்நியரோடு பங்கும் பிரியாது. 2023 திருவோணம் பம்பரின் 25 கோடி ரூபாய், திருப்பூர்ப் பகுதியைச் சேர்ந்த நால்வர் சேர்ந்து வாங்கிய டிக்கெட்டுக்கு விழுந்தது. அவர்களுக்குள் பிரித்துக்கொண்டது அவர்களே செய்துகொண்ட ஏற்பாடு. அங்கேயும் முகவர் பங்கு 10 சதவீதம், பிறகு வரி என்று கழித்துத்தான் கைக்கு வரும்.

டாலஸ்வாசி

எல்லோர் பதிலையும் சேர்த்து அட்டவணையைத் திருத்தி எழுதினேன். இப்போது முரண்பாடு இல்லை. சாதாரண நாளில் ஆல் ஆர் நத்திங் 56 சென்ட்டோடு மேலே நிற்கிறது. பிக் த்ரீ, டெய்லி ஃபோர், கேஷ் ஃபைவ் 50 அருகில். லோட்டோ டெக்சாஸும் பவர்பாலும் ஜாக்பாட்டைப் பொறுத்து ஏறி இறங்குகின்றன. கூடுதல் பணம் போடச் சொன்ன நண்பரிடம் 9.5 கோடி கதையைக் காட்டினேன். இரண்டரைக் கோடி டாலர் போட்டவர்களுக்குப் பொருந்திய கணக்கு, இருபது டாலர் போடும் நமக்கு நடைமுறையில் பொருந்தாது என்று அவரே ஒப்புக்கொண்டார்.

இரண்டு சந்தேகங்கள் மிச்சம். பிக் த்ரீயில் எந்த வரிசையில் வந்தாலும் சரி என்று போட்டால் மேலா? டிக்கெட்டைச் சுரண்டிப் பார்க்கும் சுரண்டல் லாட்டரியை இதே அட்டவணையில் எப்படிச் சேர்ப்பது? தவிர, விருந்தினர் விசாவில் வந்திருக்கும் பெற்றோர் பெயரில் வாங்கலாமா என்று ஒருவர் கேட்கிறார்.

கொன்றைப்பூ

எந்த வரிசையிலும் என்று போட்டால், மூன்றும் வெவ்வேறு இலக்கங்களாக இருக்கும்போது வாய்ப்பு 1000-க்கு 6, பரிசு 80 டாலர். அதாவது 48 சென்ட். இரண்டு இலக்கம் ஒன்றாக இருந்தால் 1000-க்கு 3, பரிசு 160, அதுவும் 48. அடிக்கடி விழும், ஆனால் நேர்வரிசையைவிட 2 சென்ட் குறைவு.

சுரண்டல் லாட்டரிகள் பொதுவாகக் குலுக்கல் ஆட்டங்களைவிட அதிகச் சதவீதம் திருப்பித் தருகின்றன. விலை உயர்ந்த டிக்கெட்டில் இன்னும் சற்று அதிகம். ஆனால் பெரிய பரிசுகள் எல்லாம் வென்று போன பிறகும் அதே டிக்கெட் கடையில் தொங்கும். ஒவ்வொரு ஆட்டத்திலும் எந்தப் பரிசு எத்தனை மிச்சம் என்று லாட்டரி இணையதளத்தில் வெளியிடுகிறார்கள். அட்டவணையில் அச்சிட்ட வாய்ப்பைப் போடாமல் அந்த மிச்ச எண்ணிக்கையைப் பார்த்துப் போடுங்கள்.

பெற்றோர் பெயரில் வேண்டாம். வரி நோக்கில் அவர்கள் இங்கே வசிப்பவர்கள் அல்லர். பரிசில் 30 சதவீதம் பிடித்துவிடுவார்கள். வசிப்பவர்களாகக் கணக்கில் வரும் உங்களுக்கு 5,000 டாலருக்கு மேல் போகும் பரிசில் முதலில் பிடிப்பது 24 சதவீதம், மீதியை ஆண்டுக் கணக்கில் சரிசெய்துகொள்ளலாம்.

யார் எவ்வளவு போட்டார்கள் என்று எழுதி எல்லோரும் கையெழுத்திட்ட தாள் ஒன்றை வைத்துக்கொள்ளுங்கள். டிக்கெட் வாங்கியவுடன் இரு பக்கமும் படமெடுத்துக் குழுவில் எல்லோருக்கும் அனுப்புங்கள். குலுக்கல் நாளிலிருந்து 180 நாளுக்குள் பரிசைக் கேட்டாக வேண்டும். யார் கையில் டிக்கெட் இருக்கிறதோ அவர் விடுமுறைக்கு ஊருக்குப் போவதாக இருந்தால் முன்பே வேறொருவரிடம் ஒப்படைத்துவிடச் சொல்லுங்கள்.

டாலஸ்வாசி

தாளை இன்றே தயார் செய்கிறேன். இந்த முறை ஆல் ஆர் நத்திங்கில் போடுவதாக முடிவு. பவர்பாலுக்குத் தலைக்கு ஒரு டாலர் மட்டும், அதுவும் விரும்பியவர்கள். என் கேள்விக்கு விடை கிடைத்துவிட்டது. அனைவருக்கும் நன்றி.