டி.பி. ரோடும் பின்சந்தும்

வாட்ஸ்அப் குழு: அம்மாயி வீட்டுச் சனம்
ஞாயிற்றுக்கிழமை

நான், காலை 10.05
எல்லாருக்கும் வணக்கமுங்க. இன்றைக்குக் கோவை ஆர்.எஸ். புரத்தில் ஒரு நடைப் பயணம் போய்விட்டு வந்தேன். பழைய வீடுகளைப் பற்றித் தெரிந்த ஓர் அக்கா தெருத் தெருவாகக் கூட்டிப்போய்க் கதை சொன்னார். ஆறரை மணிக்கு ரத்தின விநாயகர் கோயில் முன்னால் 18 பேர் கூடினோம். முடிய ஒன்பதாகிவிட்டது. அன்னபூர்ணாவில் சாம்பார் இட்லி சாப்பிட்டுவிட்டு இப்போதுதான் உட்கார்ந்திருக்கிறேன்.
[6 படங்கள்]

பெரிய மாமா, காலை 10.11
ஆர்.எஸ். புரத்தில் பார்க்க என்ன கண்ணு இருக்கிறது? கடையும் பேங்க்கும்தானே. இதுக்குக் காசு வேறயா?

நான், காலை 10.14
ஆளுக்கு 200 ரூபாய் மாமா. நாலு வருசமாக அந்த வழியாகத்தான் வேலைக்குப் போகிறேன். கடைப் போர்டுக்கு மேலே தலையைத் தூக்கிப் பார்த்ததே இல்லை. இன்றைக்குத்தான் பார்த்தேன். போர்டுக்குப் பின்னால் முழு வீடே இருக்கிறதுங்க.
இரண்டாவது படத்தைப் பெரிதாக்கிப் பாருங்கள். கைப்பிடிச் சுவர் நடுவில் சூரியன் உதிக்கிற மாதிரி சிமெண்ட்டில் கதிர்கள் வார்த்திருக்கிறார்கள். அதற்குக் கீழே ஆண்டு. 193 வரைக்கும் படிக்க முடிகிறது, சுண்ணாம்பு அடித்து அடித்துக் கடைசி எண் மூடிப்போய்விட்டது. நீலகிரியின் பைக்காராவிலிருந்து மின்சாரம் வந்து மில்கள் பெருகிய காலம் அது. கையில் காசு புரண்டவர்கள் வளைந்த பால்கனி, வட்ட சன்னல் என்று புது மாதிரியாகக் கட்டிப் பார்த்திருக்கிறார்கள்.

பிரபு அண்ணா, காலை 10.16
ஆர்.எஸ். யார் என்று சொன்னார்களா? இத்தனை நாள் அந்த ரெண்டு எழுத்தை எழுதியே பழகிவிட்டோம்.

நான், காலை 10.20
ரத்தினசபாபதி முதலியார் அண்ணா. கோவை நகராட்சித் தலைவராக இருந்தவர். திவான் பகதூர் பட்டம் வாங்கியவர், அதனால்தான் டி.பி. ரோடு. சிறுவாணித் தண்ணீரை ஊருக்குக் கொண்டுவரப் பாடுபட்டவர்களிலும் அவர் முக்கியமானவர்.
சர் சண்முகம் ரோடு இருக்கிறதே, அது ஆர்.கே. சண்முகம் செட்டியார். கோவையில் பிறந்தவர், சுதந்திர இந்தியாவின் முதல் நிதி அமைச்சர். 1947 நவம்பர் 26இல் முதல் பட்ஜெட்டைப் படித்தவர் அவர்தான். கௌலி பிரவுன் என்பவர் வனக் கல்லூரிக்கு முதல்வராக இருந்த வெள்ளைக்காரர். லாலி ரோடு என்பது ஆர்தர் லாலி, சென்னை மாகாண கவர்னர். கௌலி பிரவுன் ரோட்டில் இருக்கிற காஸ் வன அருங்காட்சியகம் 1902இல் திறந்தது. இன்றைக்கு அந்த அக்கா வெளியில் நின்றுதான் சொன்னார். இன்னொரு நாள் நான் உள்ளே போய்ப் பார்க்கணும்.

சின்னம்மா, காலை 10.27
எனக்கு ரொம்ப நாளாக ஒரு சந்தேகம். பெரிய கடை வீதிப் பக்கம் போனால் ரெண்டு வண்டி ஒதுங்க முடியாது. ஆர்.எஸ். புரம் மட்டும் நூல் பிடித்த மாதிரி நேர் நேராக, குறுக்கும் நெடுக்குமாக இருக்கிறதே, அது எப்படி?

நான், காலை 10.36
அதைத்தான் சொல்ல வந்தேன் சின்னம்மா. கொள்ளைநோய்.
1896இல் பம்பாயில் பிளேக் வந்தது. 1900களின் தொடக்கத்தில் கோவைக்கும் வந்துவிட்டது. ஒரு தடவையோடு போகவில்லை, திரும்பத் திரும்ப வந்தது. பழைய ஊர் முழுக்க ஒட்டினாற்போல வீடுகள், காற்றே புகாத சந்துகள், தானிய மண்டிகள். எலிக்கு வேறு என்ன வேண்டும்? சனம் ஊரைக் காலி செய்துகொண்டு வெளியே போனது. அப்போதுதான் நகராட்சி ஊருக்கு மேற்கே இருந்த காட்டை அளந்து, மனை பிரித்து, காற்றும் வெயிலும் வருகிற மாதிரி அகலமாக ரோடு போட்டது. நாம் நிழலுக்கு ஒதுங்கி நிற்கிற அந்த மரங்களும் அகலமான ரோடும் பயத்தில் பிறந்தவை. அந்த அக்கா இதைச் சொல்லும்போது 18 பேரில் ஒருத்தரும் பேசவில்லை.
கோவையில் பல இடத்தில் பிளேக் மாரியம்மன் கோயில் இருக்கிறது, கேள்விப்பட்டிருப்பீர்கள். அந்தக் காலத்தில் கும்பிட ஆரம்பித்த சாமிதான்.

அம்மா, காலை 10.48
நான் படிக்கப் படிக்க என் அம்மா, உங்கள் அம்மாயி, பக்கத்தில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தார்கள். அவர்கள் சொன்னதை அப்படியே அடிக்கிறேன்:
"எங்கம்மா சொல்லும். மச்சுலிருந்து எலி செத்து விழுந்தா அடுப்புல சோறு வெந்துட்டு இருந்தாலும் அப்படியே போட்டுட்டுக் காட்டுக்குப் போயிருவாங்களாம். சாளை போட்டு மாசக்கணக்குல அங்கயே இருப்பாங்களாம். திரும்பி வரும்போது எல்லாரும் வர மாட்டாங்க."

பெரிய மாமா, காலை 10.53
எனக்கு இது தெரியாது. அம்மா இதையெல்லாம் எங்ககிட்டச் சொன்னதே இல்லையே.

சின்னம்மா, காலை 10.54
நாம கேட்டாத்தானே அண்ணா சொல்வாங்க.

அத்தை, காலை 11.02
வீட்டுக்குள்ளே விட்டார்களா கண்ணு? குடி இருக்கிற வீட்டுக்கு முன்னால் 18 பேர் போய் நின்றால் அந்த வீட்டுக்காரங்களுக்கு எப்படி இருக்கும்?

நான், காலை 11.12
சங்கடமாகத்தான் இருந்தது அத்தை. ஒரு வீட்டில் கேட் கம்பிக்குள் போனை நுழைத்து ஒருத்தர் படம் எடுத்துவிட்டார். உள்ளே கோலம் போட்டுக்கொண்டிருந்த அம்மா நிமிர்ந்து பார்த்து, "இதென்ன பொருட்காட்சியா?" என்று கேட்டார்கள். கூட்டிப்போன அக்கா உடனே மன்னிப்புக் கேட்டு, அந்தப் படத்தை அழிக்க வைத்தார். அதற்கப்புறம் எல்லோரும் எதிர்ச் சாரியில் நின்றுதான் பார்த்தோம். அதுதான் முறை என்று எனக்கும் பட்டது.
இன்னொரு வீட்டில் வராந்தாவில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த பெரியவர் அவராகவே கூப்பிட்டார், ஐந்தைந்து பேராக வரச் சொன்னார். செருப்பைக் கழற்றிவிட்டு ஏறினோம். காவி போட்டு மெழுகிய சிமெண்ட் தரை, ஏழரை மணி வெயிலுக்கும் காலில் சில்லென்று இருந்தது. மேலே பார்க்கச் சொன்னார். மெட்ராஸ் டெரஸ். தேக்கு விட்டத்துக்கு மேலே மெல்லிய செங்கல்லைப் படுக்க வைக்காமல் குத்துக்கல்லாக, சாய்வாக அடுக்கி, சுண்ணாம்புக் கலவை போட்டு இறுக்கியிருக்கிறார்கள். கடுக்காயும் வெல்லமும் ஊற வைத்த தண்ணீரைச் சுண்ணாம்பில் சேர்த்து அரைப்பார்களாம். கம்பியே கிடையாது.
பெரியவர் ஒரு மூலையைக் காட்டினார். ஈரம் இறங்கிக் கறுத்திருந்தது. "இதைச் சரி பண்ணத் தெரிந்த கொத்தனாரைத் தேடி மூணு வருசம் ஆச்சு. வருகிறவன் எல்லாம் இடித்துவிட்டு கான்கிரீட் போடச் சொல்கிறான்" என்றார். அண்ணன் தம்பி நாலு பேருக்குப் பாகம் பிரிக்கணுமாம். இப்போது அங்கே ஒரு சென்ட் என்ன விலை போகும் என்று உங்களுக்கே தெரியும். அடுத்த வருசம் அந்த வீடு இருக்குமா என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை.

பெரிய மாமா, காலை 11.20
நம்ம தொட்டிக்கட்டு வீட்டை இடிக்கும்போது அந்தத் தேக்குத் தூணை நான் விறகு விலைக்குத்தான் கொடுத்தேன் கண்ணு. ஓடு பிரிக்கிற அன்றைக்கு அப்பா தோட்டத்திலிருந்து வீட்டுக்கே வரவில்லை. அந்தப் பெரியவரைப் பார்த்தால் நான் விசாரித்ததாகச் சொல். கோபியில் சுண்ணாம்பு வேலை தெரிந்த கொத்தனார் ஒருத்தர் இன்னும் இருக்கிறார். நம்பர் கேட்டு வாங்கித் தருகிறேன்.

நான், காலை 11.21
கட்டாயம் சொல்கிறேன் மாமா. உடனே வாங்கி அனுப்புங்கள்.

பிரபு அண்ணா, காலை 11.30
ஐந்தாவது படம் என்ன? வெறும் சுவராக இருக்கிறதே.

நான், காலை 11.34
அதைத்தான் உங்களிடம் எல்லாம் கேட்கலாம் என்று எடுத்தேன். அந்த வீடுகளுக்குப் பின்னால் ஒரு சந்து ஓடுகிறது. ரெண்டு ஆள் அகலம்தான், ஒரு பக்கம் சாக்கடை. அந்தச் சந்துப் பக்கத்துப் பின்சுவரில் முழங்கால் உயரத்துக்கு ஒரு சின்ன ஓட்டை மாதிரி, செங்கல் வைத்து அடைத்திருக்கிறது. இரும்புக் கொண்டி மட்டும் துருப்பிடித்து ஒட்டிக்கொண்டிருக்கிறது. வரிசையாக மூணு வீட்டில் பார்த்தேன். நாய்க்குக் கதவு என்று ஒருத்தர் சொன்னார், கரி போடுகிற வழி என்று இன்னொருத்தர் சொன்னார். நேரமாகிவிட்டதால் அந்த அக்காவும் அங்கே நிற்கவில்லை.

அம்மா, மதியம் 12.10
படத்தை அம்மாவிடம் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ரொம்ப நேரம் பார்த்தார்கள். அப்புறம் சொன்னது:
"அது எடுப்புக் கக்கூசு சாமி. உள்ள பீங்கான் எல்லாம் கிடையாது. ரெண்டு கல்லு, அடியில தகரச் சட்டி. வெளிய சந்துப் பக்கம் இந்தச் சின்னக் கதவு. விடியறதுக்குள்ள ஓர் அம்மா வந்து கதவைத் திறந்து சட்டியை இழுத்து வாளியில கொட்டிக்கிட்டுப் போவாங்க. அவங்க நடக்கத்தான் அந்தச் சந்து. முன்னால ரோட்டுல அவங்க வரக்கூடாது."

பிரபு அண்ணா, மதியம் 12.14
அம்மாயி அங்கே இருந்தார்களா?

அம்மா, மதியம் 12.25
"கல்யாணமாகி வந்ததே அங்கதான். உங்க அப்பச்சி அப்போ பருத்தி மண்டியில கணக்கு எழுதுனாரு. ஒரு பெரிய வீட்டுக்குப் பின்கட்டுல ரெண்டு ரூம், வாடகைக்கு. அஞ்சு வருசம் இருந்தோம். என்னோட அடுப்படி சன்னல் அந்தச் சந்தைப் பார்த்துதான் இருக்கும். காலையில நான் சிறுவாணித் தண்ணி பிடிக்க எந்திரிக்கற நேரமும் அவங்க வர்ற நேரமும் ஒண்ணு. ஒரு நாள் பெரிய மழை. அவங்க சுவரோரமா ஒதுங்கி நின்னாங்க. நான் காப்பி வச்சுச் சன்னல் வழியாக் கொடுத்தேன். வேண்டாமுங்க அம்மணி, வீட்டுக்காரங்க பார்த்தா உங்களைத் திட்டுவாங்கன்னு சொல்லிட்டாங்க. அப்புறம் ஒரு கொட்டாங்குச்சியை எடுத்து நீட்டுனாங்க, அதுல ஊத்துனேன்."

சின்னம்மா, மதியம் 12.27
அம்மா…

அம்மா, மதியம் 12.31
இன்னும் சொல்கிறார்கள்:
"அஞ்சு வருசம் தினம் பார்த்தேன். அவங்க பேர் என்னன்னு நான் கேட்கவே இல்ல."
இதைச் சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டார்கள். திண்ணையில் உட்கார்ந்திருக்கிறார்கள்.

பிரபு அண்ணா, மதியம் 12.40
உலர் கழிப்பிடம் கட்டக்கூடாது, மனிதரை வைத்து அள்ளக்கூடாது என்று மத்தியச் சட்டம் வந்தது 1993இல். அது போதாமல் 2013இல் இன்னொரு சட்டம் போட்டார்கள். அம்மாயி சொல்வது அதற்கு எத்தனை வருசம் முன்னால். அந்தக் கொண்டி இன்னும் சுவரில் இருக்கிறது என்பதை நம்பவே முடியவில்லை.

பெரிய மாமா, மதியம் 12.52
அந்த நடைப் பயணத்தில் இதையும் சொல்லணும் கண்ணு. டி.பி. ரோடு யார் பேர் என்று சொல்கிறவர்கள் சந்து எதுக்கு என்றும் சொல்லணும்.

நான், மதியம் 12.55
அந்த அக்காவுக்கு இப்போதே எழுதுகிறேன் மாமா.

நான், மாலை 4.18
பதில் வந்துவிட்டது. "இது எனக்குத் தெரியாமல் போய்விட்டது, வெட்கமாக இருக்கிறது. அடுத்த ஞாயிறு அந்தச் சந்துக்கே எல்லோரையும் கூட்டிப்போகிறேன். உங்கள் பாட்டியால் வந்து சொல்ல முடியுமா?" என்று கேட்கிறார்.

சின்னம்மா, மாலை 4.21
இந்த வயசில் அவ்வளவு தூரம் எப்படி நடப்பாங்க? முட்டி வலி வேறு.

நான், மாலை 4.24
நடக்க வேண்டாம் சின்னம்மா. அந்த ஓர் இடத்துக்கு மட்டும் வந்தால் போதும். ஏழு மணிக்குள் வெயில் ஏறுவதற்கு முன்னால் முடித்துவிடலாம்.

அம்மா, மாலை 5.02
கேட்டுவிட்டேன். "ரோட்டுல, கூட்டத்துக்கு முன்னால நின்னு எனக்குப் பேச வராது. அந்த அடுப்படி சன்னல் கிட்ட உட்கார வச்சா சொல்றேன்" என்கிறார்கள். சன்னல் இன்னும் இருக்கிறதா என்று உன்னைப் பார்த்துச் சொல்லச் சொன்னார்கள்.

நான், மாலை 5.04
நாளைக்கு வேலைக்குப் போகும்போது பார்த்துப் படம் அனுப்புகிறேன். எத்தனாவது வீடு என்று மட்டும் கேட்டுச் சொல்லுங்கள் அம்மா.

அம்மா, மாலை 5.09
"முனையிலிருந்து நாலாவது. பின்னால ஒரு முருங்கை மரம் நிக்கும், வெட்டாம இருந்தா."

பெரிய மாமா, மாலை 5.15
சனிக்கிழமை சாயங்காலம் திருப்பூர் வந்து அம்மாவை ஏற்றிக்கொள்கிறேன். கார் சந்துக்குள் போகுமா?

நான், மாலை 5.16
போகாதுங்க மாமா. முனையில் இறக்கிவிடுங்கள். நாற்காலி நான் தூக்கிக்கொண்டு வருகிறேன்.