இரண்டு நிலா உள்ள ஊருக்கு நாட்காட்டி: பஞ்சாங்கக் கணக்கு தெரிந்தவர்கள் கொஞ்சம் உதவுங்கள்

வணக்கம் மக்களே, கடலூர் முதுநகரில் இருந்து எழுதுகிறேன். நான் எழுதும் மாயாஜால நாவலில் வரும் துறைமுக ஊருக்குச் சூரியன் ஒன்று, நிலா இரண்டு. சின்ன நிலாவுக்கு 24 நாளுக்கு ஒரு பௌர்ணமி, பெரியதற்கு 40. இரண்டும் ஒரே இரவில் முழுசாக வருவது 120 நாளுக்கு ஒருமுறை, அதற்கு நட்டநடுவில் இரண்டுக்கும் சேர்த்து அமாவாசை, ஆக 60 நாளுக்கு ஒருமுறை கடல் ஊருக்குள் ஏறிவிடும். இதுவரை எனக்கே பிடித்திருக்கிறது.

சிக்கல் வருடத்தில்தான். பருவங்கள் ஒரு சுற்று வர 412 நாள், பெரிய நிலாவின் மாதம் பத்து சேர்ந்தால் 400. மிச்சத்தை அப்படியே விட்டால் ஏழெட்டு வருடத்தில் மழைக்காலத் திருவிழா கொளுத்தும் வெயிலில் வந்து நிற்கும். நம்மிடம் சூரியன் ராசி மாறாத சாந்திர மாதத்தை (நிலாவை வைத்து எண்ணும் மாதம்) அதிக மாதம் என்று வைத்துச் சரிக்கட்டுகிறார்கள், என் உலகத்தில் ராசியே கிடையாது. பத்து வருடத்தில் மூன்று மாதம் கூட்டினால் கணக்கு சுத்தமாகத் தீர்கிறது, ஆனால் எந்த வருடம் கூட்டுவது என்பதை ஏடும் எழுத்தும் இல்லாத கடலோடிகள் எதைப் பார்த்து முடிவு செய்வார்கள்? விடியலுக்கு முன் ஒரு நட்சத்திரம் முதலில் தென்படும் நாளை வைக்கலாமா? (அரசர் அறிவிப்பார் என்று மட்டும் சொல்லாதீர்கள், அங்கே அரசர் இல்லை.)

அப்புறம், ஒரு நாளுக்கு 60 நாழிகை என்பதை அப்படியே எடுத்துக்கொள்ளப் போகிறேன், ஆனால் ஆடும் படகில் நாழிகை வட்டில் (தண்ணீரை வைத்து நேரம் அளக்கும் கிண்ணம்) வேலைக்கு ஆகாதே. இரவில் கடலில் நேரம் பார்க்க வேறு என்ன வழி? தேவனாம்பட்டினம், வைத்திக்குப்பம் பக்கம் தொழிலுக்குப் போன பெரியவர்கள் வீட்டில் இருந்தால் கேட்டுச் சொல்லுங்கள்.