சாக்ஸபோன் கலைஞர் திரையிசைக்கு வந்த வழி: கிளாவுஸ் டோல்டிங்கர்

கல்லடியிலிருந்து கேள்வி:
அனைவருக்கும் வணக்கம். கலியாண வீடுகளிலும் தேவாலய விழாக்களிலும் வாசிக்கும் குழுவொன்றில் நான் சாக்ஸபோன் வாசிக்கிறேன். மட்டக்களப்பு வாவியைப் பற்றி நண்பர்கள் எடுக்கும் குறும்படத்துக்கு இசையமைக்குமாறு என்னிடம் கேட்டிருக்கிறார்கள். ஜேர்மனியத் திரைப்படங்களுக்கும் தொலைக்காட்சித் தொடர்களுக்கும் இசையமைத்த கிளாவுஸ் டோல்டிங்கரும் சாக்ஸபோன் கலைஞர்தான் என்று அறிந்தேன். மேடையை விட்டுத்தான் அவர் திரைக்குப் போனாரா?

அக்கரைப்பற்றிலிருந்து பதில்:
விடவில்லை. 1936 இல் பேர்லினில் பிறந்து, டுசெல்டோர்ஃப் நகர இசைக் கல்லூரியில் பியானோவும் கிளாரினெட்டும் பயின்ற அவர், இளமையிலேயே ஜாஸ் குழுக்களில் வாசிக்கத் தொடங்கிவிட்டார். 1970 இல் ‘டாட்ஓர்ட்’ என்னும் துப்பறியும் தொடருக்கு அவர் அமைத்த தொடக்க இசை அரை நிமிடமளவே நீளும். துப்பறிவாளர்களும் நடிகர்களும் எத்தனையோ முறை மாறிவிட்ட பின்னரும் அந்த இசை மாறவில்லை. அதில் டிரம்ஸ் வாசித்தவர் பின்னாளில் ராக் பாடகராகப் பெரும்புகழ் பெற்ற உடோ லின்டன்பெர்க். தொடர் தொடங்கிய மறு ஆண்டே டோல்டிங்கர் ‘பாஸ்போர்ட்’ என்ற ஜாஸ் குழுவை அமைத்து, பல பத்தாண்டுகள் அதை வழிநடத்தினார். தொலைக்காட்சி வாய்ப்புக் கிடைத்ததும் குழுவைக் கலைத்துவிடும் நம்மூர்ப் பழக்கம் அவரிடம் இருக்கவில்லை!

கல்முனையிலிருந்து பதில்:
உங்கள் படம் நீரைப் பற்றியது என்பதால் 1981 இல் வெளியான ‘டஸ் போட்’ படத்தைக் கவனித்துப் பார்க்கும்படி சொல்வேன். வொல்ஃப்காங் பீட்டர்சன் இயக்கிய அந்த நீர்மூழ்கிக் கப்பல் கதைக்கு டோல்டிங்கர் தந்த மெட்டு, ஒருமுறை கேட்டால் மறக்காதது. 1990களின் தொடக்கத்தில் யூ96 என்ற குழு அதை நடன இசையாக மாற்றி வெளியிட்டபோது ஜேர்மனியில் முதலிடம் பிடித்தது. ஆனாலும் எதிரிக் கப்பல் மேலே தேடி வரும் காட்சிகளில், மாலுமிகள் மூச்சடக்கி நிற்க, ஒலியலை கப்பலில் மோதும் ‘டிங்’ என்ற ஓசையும் இரும்பு நெரியும் ஓசையுமே அச்சத்தை உண்டாக்குகின்றன. கல்லடிப் பாலத்தருகே பூரணை இரவில் துடுப்பின் ஒரு முனையை நீருக்குள் விட்டு, மறு முனையைக் காதில் வைத்துக் கேட்கும் பாடும் மீனின் ஓசை உங்கள் படத்தில் வருமானால், அந்த இடத்தில் சாக்ஸபோனை உறைக்குள் வைத்துவிடுங்கள்.

அக்கரைப்பற்றிலிருந்து மீண்டும்:
ஒன்றைச் சொல்ல மறந்துவிட்டேன். 1984 இல் பீட்டர்சனின் ‘முடிவில்லாக் கதை’ படத்துக்கும் டோல்டிங்கரே இசையமைத்தார். எனினும் வெளிநாடுகளுக்கான ஆங்கிலப் பதிப்பில் ஒரு பகுதியை நீக்கி, ஜியோர்ஜியோ மொரோடரின் மின்னணு இசையைச் சேர்த்தார்கள்; உலகெங்கும் ஒலித்த தலைப்புப் பாடலும் மொரோடருடையதே. நண்பர்களின் படமானாலும், கேட்காமல் இசையை மாற்றுவதில்லை என்று முன்கூட்டியே எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.

கல்லடியிலிருந்து:
இருவருக்கும் மிக்க நன்றி. மீனின் ஓசையை முதலில் ஒலிப்பதிவு செய்துகொண்டு, அது எந்தச் சுருதியில் நிற்கிறது என்று பார்த்த பின்னரே மெட்டைத் தொடங்குவதென்று முடிவு செய்துள்ளேன்.