சொந்தப் பெயரில் நடிப்பதற்கு என்ன சொல்?

மடல் 1
அனைவருக்கும் வணக்கம். அமெரிக்கத் தொலைக்காட்சியில் கோல்ஃப் நுழைந்த கதையைச் சொல்லும் படத்துக்கு சப்டைட்டில் எழுதுகிறேன். வெள்ளிக்கிழமை கொடுத்தாக வேண்டும். ஜிம்மி டெமரெட் என்ற கோல்ஃப் வீரரிடம் வந்து சிக்கிக்கொண்டேன். 1940, 1947, 1950 என மூன்று முறை மாஸ்டர்ஸ் என்ற பெரிய கோல்ஃப் போட்டியை வென்றவர், நன்றாகப் பாடவும் செய்வார். 1954-இல் 'ஐ லவ் லூசி' என்ற நகைச்சுவைத் தொடரின் ஒரு பகுதியில் ஜிம்மி டெமரெட்டாகவே வருகிறார். மனைவிமார் கோல்ஃப் பக்கமே தலைகாட்டக் கூடாதென்று கணவன்மார் இல்லாத விதிகளை எல்லாம் சொல்லிக்கொடுக்க, மைதானத்தில் எதிர்ப்படும் இவர் உண்மையைப் போட்டு உடைக்கிறார். 'கௌரவ வேடம்' என்று எழுதிவைத்தேன். ஆனால் அவர் வேடமே போடவில்லையே?

மடல் 2
தம்பி, 'கௌரவ' வேண்டாம், வடசொல். 'சிறப்புத் தோற்றம்' போதும். சினிமா டைட்டிலில் பார்த்துப் பழகியதுதான்.

மடல் 3
ஐயா, சிறப்புத் தோற்றத்தில் ஒருவர் போலீஸ்காரராகவும் வரலாம், பிச்சைக்காரராகவும் வரலாம். தம்பி கேட்பது அதுவல்ல. 'தன்வேடம்' என்றால் என்ன? வேய்தல் என்றால் அணிதல், அதிலிருந்து வந்தது வேடம் என்பதே என் கருத்து. வடசொல் என்று தள்ள வேண்டாம்.

மடல் 4
நம்மிடம் 'பொருநன்' இருக்கிறதே! பொருதல் என்றால் போரிடுதல். பொருநன் வீரன். அதே பொருநர்தான் பொருநராற்றுப்படையில் பரிசில் பெறும் கலைஞர். தொல்காப்பியர் உவம உருபுகளில் 'பொருவ' (ஒப்ப, போல) என்பதையும் சேர்க்கிறார். பந்தயத்தில் பொருதவனும் அவன், ஆட வந்தவனும் அவன், தனக்குத் தானே ஒப்பானவனும் அவன். 'தற்பொருநன்' என்று சொல்லிப் பாருங்கள்.

மடல் 5
அழகான வழி, ஐயா. ஆனால் என் வகுப்புப் பிள்ளைகளுக்கு 'தற்' என்றதும் தற்பெருமையும் தற்கொலையும்தான் நினைவுக்கு வரும். திரையில் ஒரு வரி மூன்று நொடி நிற்கும், அதற்குள் புரிய வேண்டாமா? 'தானாக' என்றும் போட முடியாது. 'தானாக வந்தார்' என்றால் யாரும் கூப்பிடாமல் வந்தார் என்றாகிவிடும்.

மடல் 3 எழுதியவர்
இடையில் ஒன்று. டெமரெட் பளிச்சென்ற நிறங்களில் உடுத்துவதற்குப் பேர்போனவர். அந்தத் தொடரோ கறுப்பு வெள்ளை. ஊரே பேசிய நிறங்கள் அங்கே வெறும் சாம்பலாகத் தெரிந்திருக்கும். நினைத்தால் மனசுக்கு என்னவோ போலிருக்கிறது.

மடல் 1 எழுதியவர்
எல்லோருக்கும் நன்றி. 'ஜிம்மி டெமரெட், சொந்தப் பெயரில்' என்று எழுதி அனுப்பிவிட்டேன். மூன்று பேர் சரி என்றீர்கள்.

மடல் 4 எழுதியவர்
நான் சரி என்று சொல்லவில்லை. 'சொந்தப் பெயரில்' என்பது விளக்கம், கலைச்சொல் ஆகாது. நாளைக்கு ஒரு கிரிக்கெட் வீரர் அப்படி நடித்தால் அவரை ஒரே சொல்லில் என்னவென்று அழைப்பீர்கள்? பொருநனை விரித்து ஞாயிறு எழுதுகிறேன்.