ஸாபோவின் ‘மெஃபிஸ்டோ’வைத் திரையிடலாமா?

திரைக்கிறுக்கன்: எங்கள் திரைப்படக் கழகத்தில் அடுத்த மாதம் ‘மெஃபிஸ்டோ’ (1981) போடலாம் என்றதும் ஒரு நண்பர் கொதித்துவிட்டார். ஹங்கேரிக்கு வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கரை முதன்முதலில் வாங்கித் தந்த படம் அது. ஆனால் அதை இயக்கிய இஸ்த்வான் ஸாபோ, புடாபெஸ்ட் திரைப்படக் கல்லூரியில் படித்த காலத்தில், 1957 முதல் 1961 வரை, அன்றைய கம்யூனிஸ்ட் ஆட்சியின் ரகசியப் போலீசுக்கு உளவு சொன்னவர். 72 பேரைப் பற்றி 48 அறிக்கைகள், பெரும்பாலும் சக மாணவர்கள், ஆசிரியர்கள் பற்றி. 2006இல் ஒரு வார இதழ் இதை வெளிக்கொண்டுவந்தது. என்ன செய்யலாம்?

நிலவன்: தாராளமாகப் போடுங்கள். தொடங்கியபோது அவருக்கு 19 வயசு. அந்த ஆட்சிக்கு எதிரான 1956 புரட்சியை சோவியத் டாங்கிகள் நசுக்கிச் சில மாதங்கள்தான் ஆகியிருந்தன. புரட்சியின்போது பிரதமராக இருந்த இம்ரே நாட்ஜையே (Nagy) 1958இல் தூக்கில் போட்ட ஆட்சி அது. விஷயம் வெளியானதும் நூற்றுக்கு மேற்பட்டவர்கள் அவருக்கு ஆதரவாகக் கையெழுத்திட்டார்கள். அவர் யாரைப் பற்றி எழுதிக்கொடுத்தாரோ அவர்களில் சிலரும் அதில் இருந்தார்கள். அவர்களே மன்னித்தபின் நாம் யார்?

தமயந்தி: மன்னித்தவர்கள் சிலர்தானே தம்பி, 72 பேரும் இல்லையே. பக்கத்து பெஞ்சில் உட்கார்ந்திருந்தவர்களுக்கும் அதே வயசு, அதே பயம். எனக்கு ஆறாதது 2006தான். முதலில் என்ன சொன்னார்? வகுப்புத் தோழன் ஒருவனைக் காப்பாற்றத்தான் செய்தேன், அது துணிச்சலான காரியம் என்றார். அது உண்மையில்லை என்று தெரிந்தபிறகுதான், கல்லூரியிலிருந்து தன்னை நீக்கிவிடக் கூடாதென்று செய்ததாக ஒப்புக்கொண்டார். 19 வயசுப் பயம் புரிகிறது. 67 வயசில் எதற்குப் பொய்?

கல்பனா: அந்தச் சாக்கை அவர் படமே 25 வருஷம் முன்னால் கிழித்துப் போட்டுவிட்டது அக்கா. ஹெஃப்கன் என்ற நடிகன் நாஜிகளோடு ஒட்டிக்கொண்டு மேலே போகிறான். உள்ளே இருந்தால் நாலு பேருக்கு உதவலாம் என்று தன்னையே ஏமாற்றிக்கொள்கிறான். நண்பன் ஓட்டோவுக்காக ஜெனரலிடம் பரிந்து பேசப் போகிறான், நாயை விரட்டுவது போல விரட்டப்படுகிறான். கடைசியில் ராத்திரி ஸ்டேடியத்தில் விளக்குகள் அவனைத் துரத்த, ‘நான் வெறும் நடிகன்தானே’ என்கிறான். இதை எடுத்தவருக்கு உள்ளுக்குள் எல்லாம் தெரிந்திருக்கிறது.

நிலவன்: அவருடைய ‘கர்னல் ரெட்ல்’ படமும் ஓர் உளவு அதிகாரியைப் பற்றியது. ‘டேக்கிங் சைட்ஸ்’ நாஜி ஜெர்மனியை விட்டுப் போகாமல் இருந்த இசை நடத்துநர் ஃபுர்ட்வெங்லரைப் பற்றியது. ஒரே கேள்வியை வாழ்நாள் முழுக்கச் சுமந்தவர் அவர்.

தமயந்தி: சுமந்தார், சரி. யார் பக்கம் நின்று சுமந்தார்? ஹெஃப்கன், ரெட்ல், ஃபுர்ட்வெங்லர், எல்லாரும் அதிகாரத்துக்கு வளைந்து போனவர்கள். கேமரா அவர்கள் முகத்தைவிட்டு நகர்வதில்லை, ஹெஃப்கனாகவும் ரெட்லாகவும் வரும் பிராண்டவரின் நடிப்பில் நாமும் உருகிவிடுகிறோம். காட்டிக்கொடுக்கப்பட்டவன் ஓரத்தில்தான் நிற்கிறான்.

கல்பனா: ‘கான்ஃபிடன்ஸ்’ (1980) அப்படி இல்லையே. போர்க்கால புடாபெஸ்ட். முன்பின் தெரியாத ஆணும் பெண்ணும் போலிப் பெயரில் கணவன் மனைவியாக ஒரே அறையில் ஒளிந்திருக்கிறார்கள். பக்கத்தில் படுத்திருப்பவளையே சந்தேகப்படுகிறான் அவன். வேட்டையாடப்படுகிறவர்களின் பக்கம் நின்று எடுத்த படம் அது.

தமயந்தி: அவர் படங்களில் எனக்கு ரொம்பப் பிடித்ததே அதுதான். அதனால்தான் கோபமும் அதிகம். அந்தச் சந்தேகத்தை ஊர் முழுக்க விதைத்த இயந்திரத்தில் தானும் வேலை செய்தேன் என்று சொல்ல இன்னும் 26 வருஷம் ஆனது, அதுவும் பிறர் கண்டுபிடித்துச் சொன்னபின். திரைக்கிறுக்கன், படத்தைத் தடுக்கச் சொல்லவில்லை. தொடங்கும் முன் இந்த வரலாற்றை மேடையில் சொல்லிவிடுங்கள்.

நிலவன்: முன்னால் சொன்னால் ஒருத்தரும் ஹெஃப்கனைப் பார்க்கமாட்டார்கள், ஸாபோவைத்தான் தேடுவார்கள். படம் முடிந்தபின் சொல்லுங்கள்.

தமயந்தி: முடிந்ததும் பாதிப் பேர் எழுந்து போய்விடுவார்கள் தம்பி. முன்னால்தான் சொல்ல வேண்டும்.